கணக்குப் பார்ப்பவரை யார் பார்ப்பது? 1995 ஆம் ஆண்டுச் சட்டமும் அதற்குப் பிறகும்

1995 ஆம் ஆண்டைப் பற்றி எங்கட பக்கத்தில் யாரிடம் கேட்டாலும் ஒரு பதில் வரும். அந்த வருஷம் ஒக்டோபரில்தான் தென்கிழக்குப் பல்கலைக்கழகக் கல்லூரி தொடங்கியது. அடுத்த வருஷமே அது பல்கலைக்கழகம் ஆனது. இண்டைக்கு ஒலுவிலில் நாங்கள் படிக்கிற கட்டடங்கள் எல்லாம் அதற்குப் பிறகு எழும்பினவை.

அதே 1995 இல் கொழும்பில் இன்னொரு காரியமும் நடந்தது. அதை எங்கட பக்கத்தில் யாருக்கும் ஞாபகம் இல்லை. நாடாளுமன்றம் 15 ஆம் இலக்கச் சட்டத்தை நிறைவேற்றியது. இலங்கை கணக்கீட்டு மற்றும் கணக்காய்வு நியமங்கள் சட்டம் என்பது அதன் பெயர். பெயரைக் கேட்டாலே தூக்கம் வரும். ஆனால் அந்தச் சட்டம் கேட்ட கேள்வி லேசான கேள்வி இல்லை. பங்குச் சந்தையில் உள்ள கம்பனிகளின் கணக்கைக் கணக்காய்வாளர் பார்க்கிறார், சரி. அந்தக் கணக்காய்வாளர் ஒழுங்காகப் பார்த்தாரா எண்டு பார்ப்பது யார்?

உலகத்தின் ஆகப் பெரிய பங்குச் சந்தையை வைத்திருக்கிற அமெரிக்கா இந்தக் கேள்விக்குச் சட்டத்தில் பதில் எழுதியது 2002 இல். நாங்கள் 7 வருஷம் முந்தி. இதைப் பெருமையாகச் சொல்லலாம். ஆனால் அதற்குப் பிறகும் 2002 இல் ஒரு வங்கி மூடப்பட்டது. 2008 இல் ஆயிரக்கணக்கான ஆட்களின் சேமிப்பு போனது. 2020 இல் 80 வருஷம் பழைய ஒரு நிதிக் கம்பனி விழுந்தது. சட்டம் முந்தி வந்தும் ஏன் இப்படி ஆனது? அந்தக் கதையைத்தான் இந்தக் கட்டுரையில் பார்க்கப் போகிறோம்.

கூலி கொடுப்பவன் கையில்

முதலில் கணக்காய்வாளர் என்ன செய்கிறார் என்பதைத் தெளிவாக்கிக் கொள்வோம். ஒரு கம்பனியின் கணக்கை எழுதுவது அவர் அல்ல. கம்பனியின் பணிப்பாளர்கள் எழுதுகிறார்கள். அவர் வெளியிலிருந்து வந்து, பத்திரங்களைப் பார்த்து, வங்கியில் விசாரித்து, களஞ்சியத்தில் எண்ணிப் பார்த்து, "இந்தக் கணக்கு உண்மையான, நியாயமான நிலையைக் காட்டுகிறது" எண்டு ஒப்பமிடுகிறார். அல்லது "இந்த இடத்தில் எனக்குத் திருப்தி இல்லை" எண்டு எழுதுகிறார். பங்கு வாங்குபவர், கடன் கொடுப்பவர், காசு வைப்பிலிடுபவர் எல்லாரும் நம்புவது அந்த ஒரு பக்கத்தைத்தான்.

எங்கட வட்டைகளில் வட்டவிதானை எண்டு ஒருவர் இருப்பார். கன்னக் கூட்டத்தில் விவசாயிகள் சேர்ந்து அவரைத் தெரிவு செய்வார்கள். வாய்க்காலில் தண்ணி முறைப்படி போகுதா, யாரும் இரவில் மடை திறந்து கூட எடுக்கிறாங்களா எண்டு பார்ப்பது அவர் வேலை. அறுவடை முடிந்ததும் அந்த வட்டையில் செய்தவர்கள் எல்லாரும் ஏக்கருக்கு இவ்வளவு எண்டு நெல் கொடுப்பார்கள். இப்போது ஒரு சின்ன மாற்றத்தை யோசித்துப் பாருங்கள். வாய்க்கால் தலைப்பில் காணி வைத்திருக்கிற ஒரே ஒரு போடியார்தான் வட்டவிதானைக்குக் கூலி கொடுக்கிறார். அடுத்த வருஷம் அவரை வைப்பதா மாற்றுவதா எண்டு சொல்வதும் அந்தப் போடியார்தான். வட்டவிதானை நல்ல மனிசனாகவே இருக்கட்டும். தலைப்பு மடை இரவில் திறந்து கிடந்தால் அவர் எவ்வளவு சத்தமாகச் சொல்லுவார்?

கணக்காய்வாளரின் நிலைமை இதுதான். சட்டப்படி அவரை நியமிப்பது ஆண்டுப் பொதுக்கூட்டத்தில் பங்குதாரர்கள். 2007 ஆம் ஆண்டின் 7 ஆம் இலக்கக் கம்பனிகள் சட்டமும் அப்படித்தான் சொல்கிறது. நடைமுறையில் பெயரைக் கொண்டு வருவது பணிப்பாளர் சபை. கட்டணம் போவது கம்பனியின் காசிலிருந்து. யாரைப் பார்க்க வேண்டுமோ அவரிடமே சம்பளம். உலகம் முழுக்க இப்படித்தான். இது எந்த ஒரு தனி ஆளின் நேர்மையையும் பற்றிய பேச்சு இல்லை, தொழில் அமைக்கப்பட்ட விதம் அப்படி. அதனால்தான் கணக்காய்வாளருக்கு மேலே இன்னொரு கண் வேண்டும் எண்டு காலம் போகப் போக எல்லா நாடுகளுக்கும் விளங்கியது. விளங்கியதெல்லாம் ஒவ்வொரு முறையும் காசு போன பிறகுதான்.

1896: ஒரே வருஷம், இரண்டு சம்பவம்

கொழும்பில் பங்கு வியாபாரம் 1896 இல் ஒழுங்கானது. தேயிலைத் தோட்டக் கம்பனிகளின் பங்குகளை வாங்கி விற்க, பங்குத் தரகர்கள் ஒரு சங்கம் அமைத்தார்கள். இண்டைய கொழும்பு பங்குச் சந்தையின் வேர் அது.

அதே 1896 இல் இங்கிலாந்தில் ஒரு தீர்ப்பு வந்தது. கிங்ஸ்டன் பருத்தி ஆலை வழக்கு. ஆலையின் முகாமையாளர் கையிருப்பில் உள்ள சரக்கின் பெறுமதியைப் பல வருஷமாகக் கூட்டிக் காட்டி வந்தார். இலாபம் இல்லாத இடத்தில் இலாபம் தெரிந்தது, பங்குலாபமும் கொடுபட்டது. கணக்காய்வாளர்கள் களஞ்சியத்துக்குள் போய்ப் பார்க்கவில்லை. முகாமையாளர் தந்த சான்றிதழை ஏற்றுக் கொண்டார்கள். ஆலை விழுந்த பிறகு வழக்கு வந்தபோது நீதிமன்றம் அவர்களை விடுவித்தது. கணக்காய்வாளர் காவல் நாய் மாதிரி இருந்தால் போதும், மோப்பம் பிடித்துத் துரத்துகிற வேட்டை நாயாக இருக்கத் தேவையில்லை என்ற கருத்து அந்தத் தீர்ப்பிலிருந்துதான் பிரபலமானது. சந்தேகம் வரக் காரணம் இல்லாவிட்டால், கம்பனியின் நம்பிக்கைக்குரிய ஆள் சொல்வதை நம்பலாம் எண்டு அர்த்தம்.

அப்போது இலங்கை பிரித்தானியக் குடியேற்றம். கம்பனிச் சட்டமும் கணக்காய்வுப் பழக்கமும் அங்கிருந்தே வந்தன. 1861 இல் கூட்டுப் பங்குக் கம்பனிகள் கட்டளைச் சட்டம், 1938 இல் 51 ஆம் இலக்கக் கம்பனிகள் கட்டளைச் சட்டம். சுதந்திரத்துக்குப் பிறகு 1959 இல், 23 ஆம் இலக்கச் சட்டத்தால் இலங்கைப் பட்டயக் கணக்காளர் நிறுவகம் உருவானது. பரீட்சை வைப்பது, உறுப்புரிமை கொடுப்பது, தொழில் செய்யச் சான்றிதழ் கொடுப்பது, நியமங்களை எழுதுவது, பிழை செய்த உறுப்பினரை விசாரிப்பது எல்லாமே அந்த நிறுவகம்தான். டொக்டர்மாருக்கும் சட்டத்தரணிகளுக்கும் கூட உலகத்தில் பல இடங்களில் இப்படித்தான் இருந்தது. தொழிலைத் தெரிந்தவர்தானே தொழிலில் உள்ள பிழையைக் கண்டுபிடிக்க முடியும் என்பது அதன் நியாயம். அந்த நியாயம் பொய் இல்லை. ஆனால் கூட்டாளிமார் கூட்டாளியை விசாரிக்கிறபோது வெளியில் நிற்பவருக்கு நம்பிக்கை குறையும் என்பதும் பொய் இல்லை.

1995 க்கு வந்த வழி

1977 க்குப் பிறகு பொருளாதாரம் திறந்தது. காசு வேகமாக ஓடத் தொடங்கியது. வங்கியை விடக் கூட வட்டி தருகிறோம் எண்டு நிதிக் கம்பனிகள் முளைத்தன. அவற்றைக் கட்டுப்படுத்த 1979 இல் ஒரு சட்டம் வந்தது. அது போதாமல் 1980 களின் பிற்பகுதியில் பல நிதிக் கம்பனிகள் விழுந்தன. 1988 இல் 78 ஆம் இலக்கச் சட்டம் வந்தது. இன்னொரு பக்கம், 1987 இல் பிணையங்கள் சபைக்கான சட்டம் வந்தது. அந்தச் சபைதான் பிறகு பிணையங்கள் மற்றும் பரிவர்த்தனை ஆணைக்குழு ஆனது. 1990 இல் கொழும்புச் சந்தை வெளிநாட்டு முதலீட்டாளருக்குத் திறந்து விடப்பட்டது.

வெளியாட்கள் காசு போட வருகிறார்கள், உள்ளூர் ஆட்கள் காசை இழந்திருக்கிறார்கள். இரண்டு பேரும் கேட்டது ஒன்றுதான்: இந்தக் கம்பனிகள் காட்டுகிற கணக்கை எப்படி நம்புவது? இந்தப் பின்னணியில்தான் 1995 ஆம் ஆண்டுச் சட்டம் வந்தது.

அந்தச் சட்டம் மூன்று வேலை செய்தது. ஒன்று, நிறுவகம் எழுதுகிற நியமங்களை வர்த்தமானியில் பிரசுரித்து, சட்டத்தின் வலுவைக் கொடுத்தது. அதுவரை தொழில் ஒழுக்கமாக இருந்தது இனிச் சட்டக் கடமை. இரண்டு, எந்தெந்த நிறுவனங்கள் அந்த நியமங்களைக் கட்டாயம் பின்பற்ற வேண்டும் எண்டு ஒரு பட்டியல் போட்டது. பட்டியலிடப்பட்ட கம்பனிகள், வங்கிகள், காப்புறுதிக் கம்பனிகள், நிதிக் கம்பனிகள், இவற்றோடு பங்குச் சந்தைக்கு வராவிட்டாலும் குறிப்பிட்ட அளவுக்கு மேல் பெருத்த தனியார் கம்பனிகளும் அதற்குள் வந்தன. மூன்று, கணக்கீட்டு மற்றும் கணக்காய்வு நியமங்கள் கண்காணிப்புச் சபை எண்டு ஒன்றை அமைத்தது. அந்தச் சபை கம்பனிகளின் நிதிக்கூற்றுகளை எடுத்துப் பார்க்கலாம், கணக்காய்வாளர் செய்த வேலையையும் எடுத்துப் பார்க்கலாம்.

இதில் முக்கியமானது மூன்றாவது. முதல் முறையாகத் தொழிலுக்கு வெளியே, சட்டத்தால் அமைந்த ஒரு கண் கணக்காய்வாளரைப் பார்த்தது. ஆனால் தொழில் செய்வதற்கான சான்றிதழும், உறுப்பினர் மீதான ஒழுக்காற்று விசாரணையும் 1959 ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி நிறுவகத்திடமே இருந்தன. கண் ஓரிடத்தில், கை இன்னோரிடத்தில். இதை மனசில் வைத்துக் கொள்ளுங்கள்.

அமெரிக்கா விழித்தது

2001 டிசம்பர் 2 ஆம் திகதி என்ரோன் என்ற பெரிய அமெரிக்கச் சக்திக் கம்பனி வங்குரோத்து மனுப் போட்டது. அதன் கடன்கள் வேறு கம்பனிகளின் பெயரில் ஒளித்து வைக்கப்பட்டிருந்தன. கணக்கைப் பார்த்தது ஆர்தர் அண்டர்சன், உலகத்தின் ஐந்து பெரிய கணக்காய்வு நிறுவனங்களில் ஒன்று. 2000 ஆம் ஆண்டில் மட்டும் என்ரோன் அண்டர்சனுக்குக் கொடுத்தது 52 மில்லியன் டொலர். அதில் 25 மில்லியன் கணக்காய்வுக்கு, 27 மில்லியன் ஆலோசனைக்கும் மற்ற வேலைகளுக்கும். அதாவது பிழை பார்க்கிற வேலையை விட, கூட இருந்து புத்தி சொல்கிற வேலையில் வருமானம் கூட. தலைப்பு மடைப் போடியாரின் கதையை இங்கே திரும்பச் சொல்லத் தேவையில்லை.

2002 யூலையில் சார்பேன்ஸ்-ஒக்ஸ்லி சட்டம் வந்தது. அதன் கீழ் பொதுக் கம்பனிக் கணக்கீட்டு மேற்பார்வைச் சபை அமைந்தது. அந்தச் சபையில் ஐந்து பேர், அவர்களில் இரண்டு பேர்தான் தொழில்முறைக் கணக்காளராக இருக்கலாம். பட்டியலிடப்பட்ட கம்பனியைக் கணக்காய்வு செய்ய வேண்டுமானால் அங்கே பதிய வேண்டும். சபையே போய்ப் பரிசோதிக்கும், தண்டப் பணம் விதிக்கும், பதிவை நீக்கும். கண்ணும் கையும் ஒரே இடத்தில். எங்கட சட்டம் முந்தி வந்தது உண்மை, அவங்கட சட்டம் பலமாக வந்ததும் உண்மை.

வேலிக்கு வெளியே, வேலிக்கு உள்ளே

2002 ஒக்டோபரில் இலங்கை மத்திய வங்கி பிரமுக சேமிப்பு மற்றும் அபிவிருத்தி வங்கியின் அலுவல்களை இடைநிறுத்தியது. ஐந்து வருஷம்தான் வயது. அனுமதிப்பத்திரம் உள்ள வங்கி, சட்டத்தின் பட்டியலுக்குள் உள்ள நிறுவனம். வேலிக்கு உள்ளேயே நடந்தது.

2008 டிசம்பரில் கோல்டன் கீ வந்தது. இது செலிங்கோ குழுமத்தைச் சேர்ந்த கடனட்டைக் கம்பனி. பெயரில் கடனட்டை, வேலை பொதுமக்களிடம் காசு வாங்குவது. வங்கிகள் தந்ததை விடக் கூட வட்டி. விழுந்தபோது 9,000 க்கும் மேற்பட்ட ஆட்களுக்குக் கொடுக்க வேண்டியது ஏறத்தாழ 2,600 கோடி ரூபாய். அதே மாதம் அதே குழுமத்தோடு தொடர்புபட்ட செலான் வங்கியில் ஆட்கள் வரிசையில் நின்று காசை எடுத்தார்கள். மாத முடிவில் மத்திய வங்கி தலையிட்டு, செலானின் நிர்வாகத்தை இலங்கை வங்கியிடம் கொடுத்தது. செலான் தப்பியது. கோல்டன் கீ வைப்பாளர்கள் உயர் நீதிமன்றம் வரை போய்ப் பல வருஷம் அலைந்தார்கள்.

இந்த இடத்தில் ஒவ்வொரு காவலாளியும் எங்கே நின்றார் எண்டு பாருங்கள். கோல்டன் கீ பங்குச் சந்தையில் பட்டியலிடப்படவில்லை, அதனால் பிணையங்கள் ஆணைக்குழுவின் பார்வையில் இல்லை. நிதிக் கம்பனி அனுமதிப்பத்திரம் இல்லை, அதனால் மத்திய வங்கியின் வழமையான மேற்பார்வையில் இல்லை. 1995 ஆம் ஆண்டுச் சட்டம் அளவால் பெருத்த கம்பனிகளைத் தொடத்தான் செய்தது. ஆனால் கண்காணிப்புச் சபையின் வேலை எழுதி முடிந்த கணக்கையும் முடிந்த கணக்காய்வையும் பார்ப்பது. யார் கதவைத் திறந்து வைத்துக் காசு வாங்குகிறார் எண்டு பார்ப்பது அதன் வேலை இல்லை. மூன்று வாசலில் மூன்று காவலாளி, நாலாவது வாசலால் காசு போனது.

மூன்று கிழமைதான் போனது. 2009 ஜனவரி 7 ஆம் திகதி ஹைதராபாத்தில் சத்யம் கம்பனியின் தலைவர் ராமலிங்க ராஜு ஒரு கடிதம் எழுதினார். கம்பனிக் கணக்கில் காட்டிய காசு, வங்கி மீதியில் 5,040 கோடி இந்திய ரூபாய் இல்லவே இல்லை எண்டு அவரே ஒப்புக் கொண்டார். சத்யம் இந்தியாவிலும் நியூயோர்க்கிலும் பட்டியலிடப்பட்ட கம்பனி. கணக்காய்வு செய்தது பிரைஸ் வோட்டர்ஹவுஸ், உலகப் பெயர். பிறகு அமெரிக்க ஒழுங்குபடுத்துநர்கள் கண்டது என்ன? வங்கியிடமிருந்து மீதியை நேரடியாக உறுதிப்படுத்தும் வேலையைக் கணக்காய்வாளர்கள் தங்கள் கையில் வைத்திருக்கவில்லை என்பது. 1896 இல் பருத்தி, 2009 இல் வங்கி மீதி. இரண்டிலும் பார்க்கப்பட வேண்டியவர் தந்த கடதாசியையே நம்பினார்கள்.

இந்தியா அதற்குப் பிறகு 2013 ஆம் ஆண்டுக் கம்பனிகள் சட்டத்தில் தேசிய நிதி அறிக்கையிடல் அதிகாரசபைக்கு இடம் வைத்தது. அந்த அதிகாரசபை உண்மையில் அமைந்தது 2018 ஒக்டோபரில். சத்யத்திலிருந்து கிட்டத்தட்ட 10 வருஷம். விசாரிக்கவும், தண்டம் விதிக்கவும், கணக்காய்வாளரைத் தொழிலிலிருந்து விலக்கவும் அதற்கு அதிகாரம் உண்டு. 1995 இல் எங்களிடம் கண் இருந்தது, இந்தியாவிடம் இல்லை. 2018 இல் இந்தியாவிடம் கையும் வந்துவிட்டது.

தெரிந்திருந்தும் போன காசு

இதுவரை சொன்னதை வைத்து, ஒளித்த கணக்கைக் கண்டுபிடித்தால் காசு தப்பும் எண்டு நினைக்கலாம். த பினான்ஸ் கம்பனியின் கதை அந்த எண்ணத்தை உடைக்கிறது.

1940 இல் தொடங்கிய கம்பனி அது. கொழும்புச் சந்தையில் பட்டியலிடப்பட்டது. மத்திய வங்கியின் அனுமதிப்பத்திரம் இருந்தது. 1995 ஆம் ஆண்டுச் சட்டத்துக்குள் இருந்தது. எல்லா வேலிக்கும் உள்ளே. 2020 மே மாதம் மத்திய வங்கி அதன் அனுமதிப்பத்திரத்தை இரத்துச் செய்தது. அப்போது வைப்பாளர்கள் கிட்டத்தட்ட 145,000 பேர். வைப்புக் காப்புறுதித் திட்டத்தில் ஓராளுக்கு உச்சமாகக் கிடைத்தது 600,000 ரூபாய். சின்ன வைப்பாளர்களில் பெரும்பாலானோருக்கு அது போதுமாக இருந்தது. ஓய்வு பெறும்போது கிடைத்த காசு முழுவதையும் அங்கே போட்டிருந்தவருக்கு அது போதவில்லை.

மத்திய வங்கி அப்போது தந்த விளக்கத்தின்படி அந்தக் கம்பனியின் நிலைமை சீர்கெட்டது 2008 இலிருந்து, செலிங்கோ குழுமத்தின் நிதி நிறுவனங்கள் விழுந்ததன் தொடர்ச்சியாக. 2008 இலிருந்து 2020 வரை 12 வருஷம். அதாவது இங்கே சிக்கல் யாரும் காணாத ஓட்டை இல்லை. கண்டது, எழுதப்பட்டது, மேசைக்கு மேசை போனது. போகாத ஒரே இடம் காசு போட்டவரின் வீடு.

நான் இந்தக் கட்டுரையில் சொல்ல வந்தது இதைத்தான். எங்கட நாட்டில் கணக்காய்வாளரைப் பார்ப்பதற்கு ஆள் இல்லாமல் இல்லை. பார்த்தவர் என்ன கண்டார் என்பது, காசை இழக்கப் போகிறவருக்கு, அவருக்கு விளங்குகிற பாஷையில், இழப்பதற்கு முன் வந்து சேரவில்லை. ஒவ்வொரு வீழ்ச்சிக்குப் பிறகும் இன்னொரு சட்டம் வந்தது. 2011 இல் 42 ஆம் இலக்க நிதித் தொழில் சட்டம், 2021 இல் 19 ஆம் இலக்கப் பிணையங்கள் மற்றும் பரிவர்த்தனை ஆணைக்குழுச் சட்டம். ஒவ்வொன்றும் முந்தைய ஓட்டையை அடைத்தது. இந்த ஓட்டை மட்டும் அப்படியே கிடக்கிறது.

எங்களுக்கு என்ன?

"பங்குச் சந்தை கொழும்பு ஆட்களின் விளையாட்டு, ஒலுவிலுக்கும் நிந்தவூருக்கும் என்ன?" எண்டு கேட்கலாம். இங்கே காசு இருந்தால் வயல் வாங்குவாங்க, நகை வாங்குவாங்க, வீடு கட்டுவாங்க. பங்கு வாங்குகிறவர் குறைவு.

ஆனால் ஈ.பி.எப். என்கிற ஊழியர் சேமலாப நிதியம் இருக்கிறது. 1958 ஆம் ஆண்டின் 15 ஆம் இலக்கச் சட்டத்தால் வந்தது. தனியார் துறையில் வேலை செய்யும் ஆளின் சம்பளத்தில் 8 வீதம், முதலாளி பக்கமிருந்து 12 வீதம். அந்தக் காசை நிர்வகிப்பது மத்திய வங்கி. பெரும்பகுதி அரசாங்கப் பிணையங்களில் போகிறது, ஒரு பகுதி கொழும்புச் சந்தையில் பட்டியலிடப்பட்ட கம்பனிகளின் பங்குகளில் இருக்கிறது. கல்முனையில் ஒரு தனியார் கம்பனிக் கிளையில் வேலை செய்கிறவரும், ஆடைத் தொழிற்சாலைக்குப் போகிற பிள்ளையும் தங்களுக்குத் தெரியாமலே பங்குதாரர்கள். கணக்காய்வாளரின் ஒப்பம் அவர்களுக்காகவும் போடப்படுகிறது.

2010, 2011 இல் கொழும்புச் சந்தை வேகமாக ஏறியது. சில பங்குகள் செயற்கையாக ஏற்றப்படுகின்றன என்ற குற்றச்சாட்டு வந்தது. ஈ.பி.எப். வாங்கிய பங்குகள் பற்றியும் நாடாளுமன்றத்தில் கேள்வி எழும்பியது. விசாரிக்கப் போன ஆணைக்குழுவின் தலைவர் இந்திராணி சுகததாச 2011 இறுதியில் பதவி விலகினார். அடுத்து வந்த திலக் கருணாரத்ன 2012 ஓகஸ்டில் விலகி, தன் மீது வந்த அழுத்தம் பற்றி வெளிப்படையாகப் பேசினார். ஒரு வருஷத்துக்குள் இரண்டு தலைவர்கள். கணக்காய்வாளரைப் பார்ப்பவரைப் பற்றிப் பேசும்போது இதையும் சேர்த்துத்தான் பேச வேண்டும். சட்டத்தில் அதிகாரம் எழுதினால் மட்டும் போதாது, அதைப் பாவிக்கிற ஆளுக்குக் கதிரை உறுதியாக இருக்க வேண்டும்.

இன்னொரு விஷயம் எங்கட ஊர்களுக்கே உரியது. வட்டி வேண்டாம் என்பதற்காக இஸ்லாமிய நிதி நிறுவனங்களில் காசு வைப்பவர்கள் இங்கே நிறையப் பேர். அமானா வங்கி 2011 இல் தொடங்கி 2014 இல் கொழும்புச் சந்தைக்கு வந்தது. இப்படியான நிறுவனங்களில் ஷரீஆ ஆலோசனைக் குழு ஒன்று இருக்கும், கணக்காய்வாளரும் இருப்பார். இரண்டும் ஒன்று எண்டு ஆட்கள் நினைக்கிறாங்க. கொடுக்கல் வாங்கல் மார்க்கத்துக்கு உட்பட்டதா எண்டு பார்ப்பது குழு. காசு உண்மையில் இருக்கா எண்டு பார்ப்பது கணக்காய்வாளர். அனுமதிப்பத்திரம் பெற்ற, பட்டியலிடப்பட்ட வங்கி மற்ற எல்லா வங்கியும் போல மத்திய வங்கிக்கும் கண்காணிப்புச் சபைக்கும் பதில் சொல்ல வேண்டும். மார்க்கத்தின் பெயரை மட்டும் போர்டில் போட்டுக் கொண்டு அனுமதிப்பத்திரம் இல்லாமல் காசு சேர்க்கிற ஆளுக்கு இந்த இரண்டு கண்ணும் இல்லை. ஆலிம் ஒருவரின் பெயர் இருக்கு என்பதற்காகச் சவூதியிலிருந்து உழைத்து வந்த காசைக் கொடுக்க முந்தி இந்த வித்தியாசம் தெரிய வேண்டும்.

பாஷை என்கிற வேலி

அரசாங்கத்தின் கணக்கைப் பார்ப்பவர் கணக்காய்வாளர் தலைமை அதிபதி. 2015 இல் 19 ஆவது திருத்தமும் 2018 இல் 19 ஆம் இலக்கத் தேசிய கணக்காய்வுச் சட்டமும் அந்தப் பதவியைப் பலப்படுத்தின. அவரது அறிக்கைகள் தமிழிலும் வருகின்றன. கோப் குழுவில் அதிகாரிகள் பதில் சொல்ல முடியாமல் இருப்பதைத் தொலைக்காட்சியில் பார்த்து நாங்கள் கதைக்கிறோம். ஒலுவில் துறைமுகம் 2013 இல் திறக்கப்பட்டு, வாயில் மணல் மூடி, வடக்குப் பக்கம் கரை அரித்துக் கொண்டு போனபோது, அந்தச் செலவைப் பற்றிக் கேட்க எங்கட மீனவர்களுக்குப் பாஷை தடையாக இருக்கவில்லை.

பட்டியலிடப்பட்ட கம்பனிகளின் பக்கம் அப்படி இல்லை. முன்னூறுக்குக் கிட்டின கம்பனிகள், அவற்றின் ஆண்டறிக்கைகள் பெரும்பாலும் ஆங்கிலத்தில். கணக்காய்வாளரின் அறிக்கை ஆங்கிலத்தில். கண்காணிப்புச் சபை ஏதும் கண்டுபிடித்தால் அது தமிழ்ப் பத்திரிகையில் செய்தியாக வருவது அரிது. அமெரிக்கச் சபை தன் பரிசோதனை அறிக்கைகளை நிறுவனத்தின் பெயரோடு வெளியிடுகிறது, கணக்கு பார்க்கப்பட்ட கம்பனியின் பெயரை மட்டும் மறைத்து. அதுவும் முழுசான வெளிச்சம் இல்லை. ஆனாலும் எந்தக் கணக்காய்வு நிறுவனம் எத்தனை இடத்தில் பிழை விட்டது எண்டு ஒரு சாதாரண ஆள் வாசிக்கலாம். எங்களுக்கு முதலில் வேண்டியது அது: எந்த நிறுவனத்தின் கணக்காய்வில் என்ன குறை கண்டோம் எண்டு பெயரோடு, மூன்று பாஷையிலும், வருஷத்துக்கு ஒரு தரம் வெளியிடுவது. இரண்டாவது, கண்ட பிழைக்குத் தண்டனை கொடுக்கிற கை, தொழிலுக்கு வெளியே உள்ள அந்தக் கண்ணோடு சேர்வது. இரண்டுக்கும் முன்மாதிரி பக்கத்து நாட்டிலேயே இருக்கிறது.

சட்டம் மாறும் வரை காசு காத்திருக்காது. அதனால் ஒரு நடைமுறை விஷயம் சொல்லி முடிக்கிறேன். யாராவது வைப்புப் படிவத்தோடு வந்தால் மூன்று காரியம் செய்யலாம். மத்திய வங்கியின் அனுமதிப்பத்திரம் பெற்ற நிறுவனங்களின் பட்டியலில் அந்தப் பெயர் இருக்கா எண்டு பாருங்கள், அந்தப் பட்டியல் இணையத்தில் இருக்கிறது. கம்பனி பட்டியலிடப்பட்டதாக இருந்தால் ஆண்டறிக்கையில் கணக்காய்வாளரின் பக்கத்தைத் தேடி எடுங்கள். அதில் அபிப்பிராயத்துக்கு மேலதிகமாக, கம்பனி தொடர்ந்து இயங்குமா என்பதில் சந்தேகம் எண்டு ஏதும் எழுதி இருக்கா, முக்கிய கணக்காய்வு விடயங்கள் என்ற தலைப்பின் கீழ் என்ன இருக்கு எண்டு வாசியுங்கள். ஆங்கிலம் விளங்காவிட்டால் வர்த்தகம் படித்த பிள்ளை ஒன்று ஒவ்வொரு தெருவிலும் இருக்கிறது, முகாமைத்துவ பீடம் ஒன்று ஒலுவிலிலேயே இருக்கிறது. கேட்டுப் படியுங்கள். அந்தப் பக்கம் கம்பனிக்காக மட்டும் எழுதப்பட்டது இல்லை. அதை வாசிக்கிற உரிமை, காசு கொடுக்கிற உங்களுக்கும் இருக்கிறது.